பழைய மெட்டும் புதிய முழக்கமும்: கெல்டிக் மெட்டல் இசை குறித்து ஒரு சிந்தனை



'ஹெவி மெட்டல்' என்ற சொல்லைக் கேட்டவுடன் நம்மில் பலருக்கு மனத்தில் எழும் படம் ஒன்றுதான். கறுப்பு உடை, தோளைத் தாண்டி வளர்ந்த முடி, காதைப் பிளக்கும் கிட்டார், புரியாத அலறல். வீட்டில் இளையோர் அறையிலிருந்து இந்தச் சத்தம் கேட்டால் பெற்றோர் கலங்குகிறார்கள். "இது சாத்தானின் இசை" என்று ஒரே வரியில் தீர்ப்பு எழுதி முடித்துவிடுவோரும் உண்டு.

இந்த இசையோடு அயர்லாந்து கிராமத்துக் குழலும் பிடிலும் சேர்ந்து ஒலித்தால் எப்படியிருக்கும்? அப்படி ஒரு வகை உண்மையிலேயே இருக்கிறது. 'கெல்டிக் மெட்டல்' என்பது அதன் பெயர். அதன் இசைத்தட்டு அட்டைகளில் கிறிஸ்தவத்துக்கு முந்திய தெய்வங்களும் வாளேந்திய வீரர்களும் கல்வட்டங்களும் இடம்பெறுகின்றன. பாடல்களில் சில, கிறிஸ்தவம் வந்ததால் எங்கள் முன்னோரின் பெருமை அழிந்தது என்று வெளிப்படையாகவே குறை கூறுகின்றன. அப்படியானால் இதைப் பற்றி நாம் ஏன் பேச வேண்டும் என்று கேட்கலாம். காரணம் இருக்கிறது. இந்த இசையின் வேரைச் சற்றே தோண்டிப் பார்த்தால், யாரும் எதிர்பாராத இடங்களில் திருச்சபை எதிர்ப்படுகிறது. ஓரிடத்தில் காத்தவளாக, வேறோரிடத்தில் தடுத்தவளாக.

முதலில் மெட்டல் இசை எங்கே பிறந்தது என்று பார்ப்போம். இங்கிலாந்தின் தொழில் நகரமான பர்மிங்காமில், தொழிலாளர் குடும்பங்களைச் சேர்ந்த நான்கு இளைஞர்கள் 'பிளாக் சாபத்' என்ற குழுவைத் தொடங்கினார்கள். அவர்களின் முதல் இசைத்தட்டு 1970-ல் வெளிவந்தது. கிட்டார் வாசித்த டோனி ஐயோமி பதினேழு வயதில் தகடு வெட்டும் தொழிற்சாலையில் வேலை செய்தபோது, இயந்திரத்தில் கை சிக்கி வலக்கையின் இரு விரல்களின் நுனிகளை இழந்தவர். பிளாஸ்டிக்கை உருக்கித் தாமே விரல் தொப்பிகள் செய்து மாட்டிக்கொண்டார். கம்பிகளை அழுத்துவது கடினமாக இருந்ததால் மெல்லிய கம்பிகளைப் பயன்படுத்தினார். பின்னர் அவற்றைத் தளர்த்தியும் வாசித்தார். கனத்த, இருண்ட அந்த ஒலிக்குப் பின்னால் ஒரு தொழிலாளியின் காயம் இருக்கிறது.

அந்தக் குழுவின் பாடல்களில் பெரும்பாலானவற்றை எழுதிய கீசர் பட்லர், ஐரிஷ் கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்து வளர்ந்தவர். 1971-ல் வெளிவந்த அவர்களின் மூன்றாம் இசைத்தட்டில் 'ஆஃப்டர் ஃபாரெவர்' என்றொரு பாடல் உண்டு. கடவுளை நம்புவதாகச் சொல்ல நண்பர்கள் முன் வெட்கப்படுகிறவர்களை நோக்கிக் கேள்வி எழுப்பும் பாடல் அது. 'சாத்தானின் இசை' என்ற பட்டத்தைச் சுமந்த குழு அப்படியும் பாடியிருக்கிறது என்பதைத் தெரிந்துகொள்வது, 2025 ஜூலையில் மறைந்த அதன் பாடகர் ஆஸி ஆஸ்பர்னைப் பற்றிய செய்திகளை மட்டும் படித்தவர்களுக்கு வியப்பாக இருக்கலாம்.

அயர்லாந்தில் நாட்டுப்புற மெட்டும் மின்கிட்டாரும் கைகோத்ததும் ஏறக்குறைய அதே காலத்தில்தான். டப்ளினில் பாட்டியிடம் வளர்ந்த ஃபில் லினட், தந்தை வழியில் தென் அமெரிக்காவின் கயானாவைச் சேர்ந்தவர். தாய் ஐரிஷ் பெண். அவருடைய 'தின் லிஸி' குழு 1972-ல் 'விஸ்கி இன் தி ஜார்' என்ற பழைய வழிப்பறிக்காரன் பாட்டை மின்கிட்டாருடன் பதிவு செய்தது. பயிற்சியின்போது விளையாட்டாக வாசித்துக்கொண்டிருந்த பாட்டு அது. அயர்லாந்தில் முதலிடத்தையும் பிரிட்டனில் ஆறாம் இடத்தையும் பிடித்தது. 'மெட்டாலிகா' என்ற அமெரிக்க மெட்டல் குழு 1998-ல் அதையே மீண்டும் பாடி, 2000-ல் கிராமி விருதும் பெற்றது. குடிசைகளிலும் மதுக்கடைகளிலும் வாய்வழியாக வந்த ஒரு பாட்டு எங்கெல்லாம் போய்ச் சேர்ந்திருக்கிறது பாருங்கள்!

'ஹார்ஸ்லிப்ஸ்' குழு இன்னும் ஒரு படி முன்னே சென்றது. 1973-ல் அவர்கள் வெளியிட்ட 'தி டாயின்' என்ற இசைத்தட்டு, கூஹுலின் என்ற இளம் வீரனும் கொனாக்ட் நாட்டு அரசி மேவும் ஒரு காளையை முன்னிட்டு மோதிக்கொள்ளும் பழங்கதையை முழுமையாக ராக் இசையில் சொன்னது. அதன் புகழ்பெற்ற கிட்டார் வரி, ஓ நீல் குலத்தின் பழைய அணிவகுப்பு மெட்டிலிருந்து எடுக்கப்பட்டது. 1990-ல் உலகக் கோப்பைக் கால்பந்துக்குச் சென்ற அயர்லாந்து அணிக்கான பாடலிலும் அதே வரி ஒலித்தது.

'கெல்டிக் மெட்டல்' என்று பெயர் சொல்லி அழைக்கத்தக்க குழுக்கள் 1990-களில் தோன்றின. இங்கிலாந்தின் நியூகாசலில் 1990-ல் உருவான 'ஸ்கைகிளாட்', பிடிலை மெட்டல் குழுவுக்குள் கொண்டுவந்து வழி காட்டியது. டப்ளினில் 1992-ல் கீத் ஃபே தொடங்கிய 'குருவாகன்' குழு 1995-ல் முதல் இசைத்தட்டை வெளியிட்டது. வட அயர்லாந்தின் ஆர்மாவில் 'வேலேண்டர்', டப்ளினுக்கு வடக்கே ஸ்கெரிஸ் கடற்கரை ஊரில் 'பிரைமார்டியல்' ஆகியவையும் அக்காலத்தவையே. 2002-ல் சுவிட்சர்லாந்தின் விண்டர்தூர் நகரில் பிறந்த 'எல்வெய்ட்டி' குழு, அழிந்துபோன கோலிய மொழியில்கூடப் பாடியது. ஈயத் தகடுகள், கல்வெட்டுகள் போன்றவற்றில் எஞ்சியிருக்கும் மொழி அது.

இரண்டும் எப்படிப் பொருந்துகின்றன? கேட்பதற்கு முரணாகத் தோன்றினாலும் இசைக் காரணங்கள் தெளிவாக இருக்கின்றன. மெட்டல் கிட்டாரின் ஒலி வேண்டுமென்றே சிதைக்கப்பட்டது. அப்படிச் சிதைந்த ஒலியில் மூன்று சுரங்களைச் சேர்த்து மீட்டினால் எல்லாம் கலங்கிவிடும். ஆகவே அடிச்சுரத்தையும் அதன் ஐந்தாம் சுரத்தையும் மட்டும் சேர்த்து மீட்டுகிறார்கள். மேலை இசையில் ஒரு கூட்டு ஒலி மகிழ்ச்சியானதா சோகமானதா என்று சொல்வது மூன்றாம் சுரம்தான். அது இங்கே இல்லை. ஐரிஷ் நாட்டுப்புற மெட்டுகளோ, பெரும்பாலும் அந்தத் தெளிவான பிரிவுக்குள் அடங்காத பழைய சுர அமைப்புகளில் அமைந்தவை. எனவே கிட்டார் வெறும் சுருதிபோல் கீழே நிற்க, குழல் மேலே தன் போக்கில் செல்ல இடம் கிடைக்கிறது. துருத்தியை முழங்கையால் அழுத்தி ஊதும் இல்லன் பைப்பில் இடைவிடாமல் ஒலிக்கும் சுருதிக் குழாய்கள் உண்டு. அந்தக் குழாய்கள் செய்த வேலையைத்தான் இப்போது கிட்டார் செய்கிறது. டின் விசிலும் இல்லன் பைப்பும் பெரும்பாலும் 'டி' சுருதியில் செய்யப்படுகின்றன. மெட்டல் கிட்டார்காரர்களும் அடிக்கம்பியை 'டி' வரை தளர்த்தும் வழக்கம் உடையவர்கள். இரு தரப்பும் பேசி வைத்துக்கொண்டதுபோல் இருக்கிறது!

வேகமும் அப்படியே. 'ரீல்' என்ற நடன மெட்டில் ஓர் அளவுக்கு எட்டுச் சுரங்கள் இடைவிடாமல் ஓடும். 'ஜிக்' என்பதில் மும்மூன்றாக ஆறு. மெட்டல் முரசுக்காரர் இரு கால்களாலும் அடிக்கும் அடிகள் இந்த ஓட்டத்தோடு இயல்பாகவே இணைந்துகொள்கின்றன.

சிக்கல் வேறிடத்தில் இருக்கிறது. ஆறு துளையுள்ள சிறிய தகரக் குழல், இரண்டு மின்கிட்டார்களுக்கும் முரசுகளுக்கும் நடுவே காணாமல் போய்விடும். பதிவுக் கூடத்தில் அதைச் சரிசெய்யலாம், மேடையில் கடினம். அத்துடன், கிராமத்துப் பிடில்காரர் ஒரே மெட்டை ஒவ்வொரு சுற்றிலும் சிறிது மாற்றி, சுரங்களுக்கு நடுவே சின்னச் சின்ன அசைவுகள் சேர்த்து வாசிப்பார். அதில்தான் உயிர் இருக்கிறது. முரசு இயந்திரம்போல் அடித்துச் செல்லும்போது அந்த நெளிவுக்கு இடமில்லை. இந்த வகையில் வெளிவந்த பல இசைத்தட்டுகளில் குழல் மேலே தூவிய சர்க்கரைபோல் மட்டும் இருக்கிறது என்பதை நாம் மறைக்க வேண்டியதில்லை. குழலோ பிடிலோ பெரும்பாலும் இல்லாமலேயே, மும்மூன்றாக அசையும் தாளத்தாலும் புலம்பல்போன்ற குரலாலும் அயர்லாந்தைக் கண்முன் கொண்டுவரும் 'பிரைமார்டியல்' குழுவே, நம் பார்வையில், இந்தக் கலப்பை உண்மையாகச் செய்தவர்கள்.

இப்போது முக்கியமான கேள்விக்கு வருவோம். இந்த மெட்டுகள் உண்மையிலேயே கிறிஸ்தவத்துக்கு முந்தியவையா?

இல்லை என்பதே பதில். பழங்காலக் கெல்டியர் எந்த மெட்டைப் பாடினார்கள் என்பதற்கு எழுத்துச் சான்று எதுவும் கிடையாது. இன்று 'கெல்டிக்' என்று நாம் கேட்கும் நடன மெட்டுகளில் பெரும்பாலானவை 18, 19-ஆம் நூற்றாண்டுகளைச் சேர்ந்தவை. இல்லன் பைப் உருப்பெற்றது 18-ஆம் நூற்றாண்டில். தகரக் குழலைத் தொழிற்சாலைப் பொருளாக்கியவர் 1840-களில் இங்கிலாந்தில் வாழ்ந்த ராபர்ட் கிளார்க். பூஸூக்கி என்ற நரம்புக் கருவி 1960-களில் கிரேக்கத்திலிருந்து வந்தது. இவற்றை வாசித்தவர்களும் ஆடியவர்களும் யார்? கல்யாண வீட்டிலும் இழவு வீட்டிலும் கூடிய ஏழை விவசாயிகள், பெரும்பாலும் கத்தோலிக்கர்கள். திருப்பலிக்குப் போய்வந்த ஞாயிறு மாலையில் சாலைச் சந்திப்பில் ஆடிய மக்கள். 'குருவாகன்' குழு தன் வீரர்களைப் பற்றிப் பாடும்போது பின்னால் ஒலிப்பது அந்த மக்களின் இசை. இதைச் சொல்வது அக்குழுவைப் பழிப்பதற்காக அல்ல. மெட்டுக்கு நன்றி சொல்ல வேண்டிய இடம் எது என்பதற்காகச் சொல்கிறோம்.

கதைகள் மட்டும் பழையவைதானே என்று கேட்கலாம். ஆம், கதைகள் பழையவை. ஆனால் அவை எப்படி நம் கைக்கு வந்தன? கூஹுலினின் கதையைத் தாங்கிய மிகப் பழைய ஏடு 'பழுப்புப் பசுவின் நூல்' எனப்படுகிறது. புனித கியாரனின் பசுத்தோலில் எழுதப்பட்டது என்ற மரபுக்கதையால் வந்த பெயர். ஷானன் ஆற்றங்கரையில் அந்தப் புனிதர் நிறுவிய குளோன்மக்னாய்ஸ் துறவுமடத்தோடு தொடர்புடையது. அதை எழுதியவர்களில் ஒருவர் பெயர் மெல் முரே. 'மரியாவின் அடியார்' என்று பொருள். 1106-ஆம் ஆண்டில் கொள்ளையர் அந்த மடத்துக்குள் புகுந்தபோது அவர் கொல்லப்பட்டார். மாதாவின் பெயரைத் தாங்கிய ஒருவரின் கை எழுதியிராவிட்டால், இன்று மெட்டல் மேடைகளில் முழங்கும் பல பெயர்கள் நமக்குத் தெரிந்தே இராது.

அவர்கள் கண்ணை மூடிக்கொண்டு எழுதவும் இல்லை. 12-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த 'லென்ஸ்டர் நூல்' அதே கதையைத் தருகிறது. முடிவில் இரண்டு குறிப்புகள் உள்ளன. ஐரிஷ் மொழியில் உள்ள முதல் குறிப்பு, கதையை மாற்றாமல் மனப்பாடம் செய்கிறவர்களை ஆசீர்வதிக்கிறது. இலத்தீனில் உள்ள இரண்டாவது, இதை எழுதிய எனக்கு இதில் நம்பிக்கை இல்லை, சில பகுதிகள் பேய்களின் ஏமாற்று, சில கவிஞரின் கற்பனை, சில மூடர்களை மகிழ்விக்க எழுதியவை என்ற கருத்தில் அமைந்தது. நம்பாத கதையையும் எழுத்துப் பிசகாமல் காத்தவர்கள் அவர்கள். மாற்றார் பாட்டைக் கேட்கும் நாம் அந்த மேசையருகே சற்று உட்கார்ந்து பார்ப்பது நல்லது. குருவாகன் என்ற பெயரே அரசி மேவின் தலைநகரான ரோஸ்காமன் பகுதியின் ராத்குரோகனைக் குறிப்பது. அங்குள்ள ஒரு குகையை இடைக்கால எழுத்தாளர்கள் அயர்லாந்தில் உள்ள நரகத்தின் வாயில் என்று எழுதினார்கள். எழுதிவிட்டு, அந்தக் குகையின் கதைகளையும் ஒன்றுவிடாமல் எழுதி வைத்தார்கள்.

ஆனால் நாணயத்துக்கு மறுபக்கமும் இருக்கிறது. 1920-களில் அயர்லாந்தின் ஆயர்கள் நடனங்களை எதிர்த்துக் கடுமையாக எழுதினார்கள். 1935-ல் பொது நடனக்கூடச் சட்டம் வந்தது. உரிமம் இல்லாமல் பொது நடனம் கூடாது என்பதே அதன் விதி. கிராமத்து வீடுகளில் அயலார் கூடி ஆடும் வழக்கத்தையும் ஒடுக்க அது பயன்பட்டது. காவலரும் பங்குக் குருவும் சேர்ந்து வீட்டு நடனங்களைக் கலைத்ததாக மூத்த இசைஞர்கள் பின்னாளில் நினைவுகூர்ந்தார்கள். நடனம் பங்கு மன்றத்துக்குள் போனது. வீட்டு அடுப்படியில் தந்தையிடமிருந்து மகன் கற்ற இசை பல ஊர்களில் அறுந்துபோனது. 1951-ல் மல்லிங்கரில் மரபிசைக் கலைஞர்களுக்கான சங்கம் தொடங்க வேண்டிய தேவை ஏற்பட்டதற்கு இதுவும் ஒரு காரணம் எனலாம். இளைஞர் ஒருவர் "எங்கள் இசையைத் திருச்சபை அடக்கியது" என்று பாடினால், அவர் முழுவதும் கற்பனையாகப் பாடவில்லை. நல்ல நோக்கத்தோடு செய்த கண்டிப்பும் காயம் விட்டுச் செல்கிறது.

காயம் என்றதும் 'பிரைமார்டியல்' குழு 2005-ல் வெளியிட்ட ஒரு பாடல் நினைவுக்கு வருகிறது. 'தி காஃபின் ஷிப்ஸ்', அதாவது சவப்பெட்டிக் கப்பல்கள். 1845-ல் தொடங்கிய உருளைக்கிழங்கு நோயால் ஏற்பட்ட பஞ்சத்தில் ஏறக்குறைய பத்து இலட்சம் பேர் மாண்டார்கள். அதற்குக் குறையாத தொகையினர் நாட்டைவிட்டு வெளியேறினார்கள். நெரிசலும் காய்ச்சலும் நிறைந்த கப்பல்களில் ஏறியவர்களில் பலர் கரையைக் காணவே இல்லை. கனடாவின் கிரோஸ் தீவில் இருந்த தனிமைப்படுத்தும் முகாமில் 1847-ஆம் ஆண்டில் மட்டும் ஐயாயிரத்துக்கும் மேற்பட்டோர் புதைக்கப்பட்டார்கள். நோயாளிகளுக்கு அருட்சாதனங்கள் வழங்கிய குருக்களிலும் சிலர் அதே காய்ச்சலுக்குப் பலியானார்கள். அந்தத் தீவில் 1909-ல் ஒரு பெரிய கெல்டிக் சிலுவை நாட்டப்பட்டது.

பசியால் செத்தவர்களுக்காக ஒன்பது நிமிடங்களுக்கும் மேலாக மெதுவாக, கனமாக நகரும் இந்தப் பாடலைக் கேட்டுவிட்டு அதைச் 'சத்தம்' என்று ஒதுக்க முடியுமா? மெட்டல் இசையின் முழக்கம் எதற்குப் பயன்படும் என்ற கேள்விக்கு அங்கே விடை கிடைக்கிறது. மெல்லிய குழலால் சொல்ல முடியாத ஒரு துயரத்துக்கு இந்த முழக்கம் வேண்டியிருக்கிறது. திருப்பாடல்களிலும் ஓலம் இருக்கிறதே!

அதற்காக எல்லாவற்றையும் ஏற்க வேண்டும் என்று நாம் சொல்லவில்லை. ஸ்பெயின் நாட்டின் 'மாகோ தே ஓஸ்' போன்ற குழுக்கள் பிடிலும் குழலும் சேர்த்து மிக இனிமையாக வாசித்துக்கொண்டே திருச்சபையைக் கடுமையாகச் சாடுகின்றன. அதில் வரலாற்று உண்மையும் உண்டு, வெறும் ஏளனமும் உண்டு. பிரித்துப் பார்க்கத் தெரிய வேண்டும். அதைவிடக் கவலை தருவது வேறொன்று. முன்னோர் பெருமை, இரத்தம், மண் என்று பேசும் இசை வட்டங்களின் ஓரத்தில் இனவெறிக் கூட்டங்களும் இடம்பிடிக்க முயல்வதுண்டு. பழங்காலச் சின்னம் ஒன்றைச் சட்டையில் அணிந்த மகனிடம், "இது சாத்தானுடையதா?" என்று கேட்பதைவிட, "இதை வேறு யார் யார் அணிகிறார்கள்?" என்று கேட்பது பயனுள்ள கேள்வி.

மரபிசையை வெளியே விட்டுவிடாமல் உள்ளே அழைத்து வந்த முயற்சியும் அயர்லாந்தில் நடந்தது. இசையமைப்பாளர் ஷான் ஓ ரீயடா 1963-ல் கார்க் மாவட்டத்தின் கூல் ஏ என்ற ஐரிஷ் பேசும் சிற்றூரில் குடியேறினார். திருவழிபாட்டில் மக்களின் சொந்த இசை மரபுக்குத் தகுந்த இடம் தரவேண்டும் என்று இரண்டாம் வத்திக்கான் சங்கம் ஏடு வெளியிட்ட அதே ஆண்டு. ஊர் ஆண்களைக் கொண்டு பாடகர் குழு ஒன்றை அமைத்து, அவர்கள் பரம்பரையாகப் பாடிவந்த பாணியிலேயே திருப்பலி இசையை உருவாக்கினார். 1968-ல் அது வெளிவந்தது. பௌரான் என்ற தோல்பறையை மேடைக்கு உயர்த்தியவரும் இவரே. 1971-ல், நாற்பது வயதில், அவர் இறந்தார். இளம் வயதிலேயே அவருடைய மகன் அந்தப் பாடகர் குழுவை ஏற்று நடத்தத் தொடங்கினார். ஹார்ஸ்லிப்ஸ் குழுவின் முதல் இசைத்தட்டு வந்தது அடுத்த ஆண்டு. ஒரே தலைமுறையில் அதே மரபு ஒரு கையால் பீடத்தையும் மறு கையால் மின்கிட்டாரையும் தொட்டது.

இந்த இசையைக் கேட்டுப் பார்க்க விரும்புவோர் பிரெத்தோன் நாட்டுப்பாடலான 'ட்ரி மர்த்தோலோத்' என்பதிலிருந்து தொடங்கலாம். மூன்று மாலுமிகளைப் பற்றிய பாட்டு. யாழிசைக் கலைஞர் ஆலன் ஸ்டிவெல் 1970-களின் தொடக்கத்தில் அதைப் புகழ்பெறச் செய்தார். முதலில் அவர் பாடுவதைக் கேளுங்கள். பிறகு எல்வெய்ட்டி குழு 2008-ல் வெளியிட்ட 'இனிஸ் மோனா' பாடலைக் கேளுங்கள், மெட்டு அதுவேதான். பிள்ளைகளோடு சேர்ந்து கேட்டால் இன்னும் நல்லது. கைப்பிடியைச் சுழற்றி வாசிக்கும் ஹர்டி-கர்டி எந்த இடத்தில் வருகிறது என்பதை அவர்களே காட்டித் தருவார்கள். ஒலியின் அளவை மட்டும் சற்றுக் குறைத்து வைத்துக்கொள்ளுங்கள்.